கறுப்புத் துணிக்குக் கீழே

பீடத்துக்கு முன்னால் கொத்தனாரின் மகள் குப்புறக் கிடக்கிறாள். சாகும்வரை கன்னியாஸ்திரியாகவே இருப்பேன் என்று இன்று வார்த்தைப்பாடு கொடுக்கிறாள். அவள்மேல் கறுப்புத் துணியைப் போர்த்திவிட்டுப் பிரார்த்தனை பாடுகிறார்கள். சவப்பெட்டிமேல் போடுகிற அதே துணி. ஜன்னல் கண்ணாடி வழியாக விழும் சிவப்பு வெளிச்சம் அதில் ஒட்டவே மாட்டேன் என்கிறது. துணி எட்டாத இடத்தில் வெடித்த குதிகால் ஒன்று தெரிகிறது; அச்சு அசல் அவள் அம்மாவின் குதிகால். அந்த அம்மாவைப் புதைத்த அன்று இவளை மடத்தைவிட்டு அனுப்பவில்லை. கீழ்ப்படிதலாம். கொத்தனார் முன்பெஞ்சைப் பிடித்துக்கொண்டு எழுகிறார்.

"உசிரோட இருக்கிறவளுக்கு எதுக்கு மதர் சவத்துணி?"

பக்கத்தில் நிற்கும் மடத்துத் தலைவி அவர் சட்டையை இழுக்கிறார். "உக்காருங்கய்யா. உலகத்துக்கு அவங்க செத்துட்டாங்கன்னு அர்த்தம்."

"செத்துட்டாளா? அப்ப பெத்தவளுக்கு மண்ணு போட உங்க உத்தரவு எதுக்கு? செத்தவளை யாரு கட்டிப்போட முடியும்?"

பாட்டு தடுக்கி நிற்கிறது. மெழுகுவத்தித் திரி பொரிகிற சத்தம்கூடக் கேட்கிறது. குதிகால் மெல்லத் துணிக்குள் போகிறது. பிறகு துணி குலுங்குகிறது, விட்டுவிட்டு. தலைவி அதைப் பார்க்காமல் பீடத்தைப் பார்க்கிறார். கொத்தனார் சுண்ணாம்பு தின்ற விரலை நீட்டுகிறார்.

"இங்க பாருங்க மதர், செத்தவ அழறா."