இரண்டு வகுப்பு கீழே

டிங்! டிங்! போனை எடுத்துப் பார்த்த அம்மாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எட்டாவது படிக்கும் மகளை, கணக்கைத் தப்புத் தப்பாய்ப் போட்டதற்காக ஆறாம் வகுப்புப் பாடத்துக்கு இறக்கிவிட்டது பள்ளியின் வீட்டுப்பாட ஆப். கணக்குப் போட்டிக்குப் பள்ளியில் ஆள் எடுப்பதே இந்த மதிப்பெண்ணை வைத்துத்தான்!

"பின்னக் கணக்கு அத்தனையும் தப்பு! மூளையைக் கழட்டி வெச்சிட்டியாடி?"

போர்வைக்குள்ளிருந்து மகள் தலையை நீட்டினாள். "அம்மா, நான்..."

"வாயைத் திறக்காதே! உங்கப்பா இன்ஜினியர். அவர் மூளையில கால்வாசி இருந்தா இப்படிப் போடுவியா?"

கட்டிலோரம் உட்கார்ந்திருந்த அப்பா, செய்தித்தாளை முகத்துக்கு நேரே உயர்த்திக்கொண்டார்.

மகளுக்கும் கோபம் பொத்துக்கொண்டு வந்தது.

"கால்வாசி இல்லம்மா, முழுசும் அப்பா மூளைதான்! நான் காய்ச்சல்ல படுத்திருந்தப்ப, மார்க் குறையக் கூடாதுன்னு என் பேர்ல கணக்குப் போட்டதே அவர்தான்!"