இடது மடிப்பு

டோக்கியோவின் ஓரத்தில் ஒரு தகரக் கொட்டகை. உள்ளே, புதுமணத் தம்பதிகளுக்குத் தாம்பத்தியம் சொல்லித்தரும் படம் எடுக்கிறார்கள். முதலிரவு அறையில் மணப்பெண்ணாக உரானோ கினுவே அமர்ந்திருக்கிறாள். முப்பத்தொரு வயது, இந்த மாதிரிப் படங்களில் இது அவளுக்கு மூன்றாவது, எதிலும் பெயர் வராது. விளக்குச் சூட்டில் பாயின் கோரை வாசம் கிளம்புகிறது. ஓரத்தில் டாக்டர் வேடக்காரர், வெள்ளைக் கோட்டும் பாடம் காட்டும் பிரம்புமாக, சூடு தணிக்க வைத்த பனிக்கட்டிப் பாளத்தில் கைக்குட்டையை நனைத்துக் கழுத்தில் ஒற்றிக்கொள்கிறார். டைரக்டர் குவபாரா முன்பக்கம் ஒன்றன்மேல் ஒன்றாக மடித்துக் கட்டிய அவளுடைய பருத்தி அங்கியைக் காட்டுகிறார்.

"கினுவே-சான், மாத்திக் கட்டும்மா. வலது மடிப்பு மேல வரட்டும். மாப்பிள்ளை உன் இடது பக்கம் இருக்கான், அவன் கை பிரிக்கிறது தெரியணும்."

"அப்படிப் பிணத்துக்குத்தான் கட்டுவாங்க."

"இந்தப் படத்துல அதை யார் பார்க்கப் போறா?"

"பொண்ணுங்க. அவங்களுக்குன்னு தியேட்டர்ல தனிக் காட்சி போடுறீங்களே, அதுல பாதிப் பேர் வெட்கத்துல என் முகத்தையே பார்க்க மாட்டாங்க. துணியைத்தான் பார்த்துக்கிட்டு இருப்பாங்க. மாப்பிள்ளையை இந்தப் பக்கம் உட்கார வைங்க."

டாக்டர் வேடக்காரர் பிரம்பைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு தன் கோட்டுப் பித்தான்களை ஒருமுறை சரிபார்க்கிறார். குவபாரா கையசைக்க, ஏழு விளக்குகளும் கேமராவும் ஒவ்வொன்றாக மறுபக்கம் நகர்கின்றன. மாப்பிள்ளை குனிந்து மன்னிப்புக் கேட்டபடியே இடம் மாறுகிறான். கினுவே எழுந்திருக்கவே இல்லை. இடது மடிப்பை வலதின்மேல் இழுத்து, விரல் நுனியால் நீவிவிடுகிறாள்.

"இப்பச் சொல்லுங்க டைரக்டர், எந்த இடத்துல வெட்கப்படணும்?"