மருதாம்பாளின் கை

"மூச்சு நின்னா மிஷினே கத்தும், மருதாம்பா. நீ போயிக் கொஞ்ச நேரம் படு," என்றாள் செலஸ்டின்.

தொட்டிலுக்குப் பக்கத்தில் முக்காலி போட்டு உட்கார்ந்திருந்த மருதாம்பாள் நிமிர்ந்து சிரித்தாள். "சரிங்க சிஸ்டர்." ஆனால் எழுந்திருக்கவில்லை.

குன்னூரை ஒட்டிய அந்தச் சிறிய ஆஸ்பத்திரியில், பச்சிளங்குழந்தை வார்டு நர்ஸ் செலஸ்டினுக்கு அன்று இரண்டாவது ஷிஃப்ட். மழைக்கு மரம் சாய்ந்து கோத்தகிரி ரோடு அடைபட்டுப் போனதில், அவளை மாற்றிவிட வேண்டிய நர்ஸ் வந்து சேரவில்லை. கால் இரண்டும் கடுத்தன. வாயைத் திறப்பதே அலுப்பாக இருந்தது. ஆனால் இந்தப் பெண்ணிடம் மட்டும் தினமும் சொன்னதையே சொல்ல வேண்டியிருந்தது.

மருதாம்பாளின் பையன் ஏழாம் மாதத்திலேயே பிறந்துவிட்டவன். இப்படிப்பட்ட குழந்தைகளுக்கு மூச்சு விடுவது சரியாகப் பழகியிருக்காது. தூக்கத்தில் சட்டென்று மறந்துவிடும், உடம்பு நீலம் பாரிக்கும். உள்ளங்காலில் ஒரு சுண்டு சுண்டினால் திடுக்கிட்டு மறுபடி மூச்சை இழுக்கும். அதைக் கண்காணிக்கத்தான் அவன் நெஞ்சில் ஒயரை ஒட்டிப் பக்கத்தில் ஒரு பெட்டியை வைத்திருந்தார்கள்.

வந்த அன்று செலஸ்டின் ஒருமுறை அப்படிச் சுண்டியதை மருதாம்பாள் பார்த்தாள். அவ்வளவுதான். அன்றிலிருந்து அவள் கை குழந்தையின் முதுகை விட்டு நகரவில்லை. மூச்சு தடைபட்டால் உடனே சுண்டிவிடுவாள். பெட்டி சத்தம் போட்டு செலஸ்டின் ஓடிவரும்போதெல்லாம் குழந்தை அதற்குள் சிணுங்கிக்கொண்டிருக்கும்.

எல்லாம் சரிதான். ஆனால் மனுஷி தூங்க வேண்டாமா? கண்கள் உள்ளே போய்விட்டன. பால் வற்றிக்கொண்டு வந்தது. தாய் இப்படி இருந்தால் குழந்தையை வீட்டுக்கு அனுப்ப முடியாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். செலஸ்டின் அதையும் மருதாம்பாளிடம் நிதானமாக எடுத்துச் சொன்னாள். அதற்கும் அதே சிரிப்பு, அதே "சரிங்க சிஸ்டர்". மறுநாள் காலையில் எதுவுமே நடக்காதது போல, "ஊட்டுக்கு எப்பங்க விடுவீங்க?" என்று கேட்டாள்.

செலஸ்டினுக்குச் சுருக்கென்றது. எத்தனை பேரைப் பார்த்தவள் அவள். அழுகிறவர்கள், சண்டைக்கு வருகிறவர்கள், கையைப் பிடித்துக் கெஞ்சுகிறவர்கள். சிரித்துக்கொண்டே தன்னை மதிக்காமல் இருக்கிற ஒருத்தியை இப்போதுதான் பார்க்கிறாள்.

அன்று மதியம் மருதாம்பாளின் தலை மெல்லச் சாய்ந்தது. பெட்டி வைத்திருந்த மேசையிலேயே நெற்றியை வைத்துத் தூங்கிவிட்டாள். கை குழந்தையின் முதுகிலிருந்து நழுவியிருந்தது. அப்பாடா என்று செலஸ்டின் அவளை எழுப்பாமல், கோடித் தொட்டில் குழந்தைக்குக் குழாய் வழியாகப் பால் விடப் போனாள்.

பாதிப் பால் இறங்குவதற்குள் பெட்டி அலறியது.

"மருதாம்பா, காலைச் சுண்டு," என்று அங்கிருந்தே குரல் கொடுத்தாள். மருதாம்பாள் அசையவில்லை. இன்னொரு முறை கூப்பிட்டாள். பெட்டி அவள் காதோரத்தில்தான் கத்திக்கொண்டிருந்தது. செலஸ்டின் குழாயை மடக்கிப் பிடித்து மூடிவிட்டு ஓடினாள். குழந்தையின் உதடு கறுத்திருந்தது. உள்ளங்காலில் ஒன்று, இரண்டு, மூன்று சுண்டு. நெஞ்சு ஒரு வெட்டு வெட்டி ஏறி இறங்கியது. அழுகை வந்தது. அதற்கப்புறம்தான் செலஸ்டினுக்கே மூச்சு வந்தது.

செலஸ்டின் தோளைத் தொட்டதும் விழித்த மருதாம்பாள் குழந்தையைப் பார்த்தாள், செலஸ்டினின் முகத்தைப் பார்த்தாள். என்ன நடந்தது என்று புரிந்ததும் வாயைப் பொத்திக்கொண்டு அழ ஆரம்பித்தாள்.

சாயங்காலம் அவள் புருஷன் லிங்கசாமி எஸ்டேட்டிலிருந்து நனைந்துகொண்டு வந்தான். ஆண்களை வார்டுக்குள் விடுவதில்லை. செலஸ்டின் வராந்தாவுக்கு வந்து, வார்டுக்குள் வாயை மூடிக் கட்டியிருந்த முகத்துணியை இறக்கிவிட்டு, இத்தனை நாள் அடக்கி வைத்ததையெல்லாம் கொட்டினாள். தூங்கு என்றால் தூங்குவதில்லை, எங்களையும் நம்புவதில்லை, மிஷினையும் நம்புவதில்லை, கடைசியில் அது காதுக்குப் பக்கத்தில் கத்துகிறபோது மரக்கட்டை மாதிரி கிடக்கிறாள் என்றாள்.

"நான் மட்டும் பாக்காம இருந்திருந்தா உன் புள்ள இப்ப இல்ல. இன்னிக்கே அவளை ஊருக்குக் கூட்டிட்டுப் போயிரு. வேற யாரையாச்சும் அனுப்பி வை."

லிங்கசாமி தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டான். தெரிந்தால் பிள்ளையைத் தன் கையில் தர மாட்டார்கள் என்று பயந்து, யாரிடமும் சொல்லக்கூடாதென்று அவள் தன்னிடம் சத்தியம் வாங்கியிருந்ததாகச் சொன்னான்.

"எதைச் சொல்லக்கூடாதுன்னு?"

"அவளுக்கு ரெண்டு காதும் கேக்காதுங்க சிஸ்டர். எதுக்க இருக்கறவங்க வாயப் பாத்துத்தான் புரிஞ்சுக்குவா, இங்க உள்ள எல்லாரும் வாயைக் கட்டியிருக்கீங்க. அந்தப் பொட்டி சத்தம் போடும்னு நீங்க சொல்லித்தான் எனக்கே இப்பத் தெரியுதுங்க, அவளுக்கு எப்படிங்க தெரியும்?"