மாசாமாசம்

"பையன் மாசாமாசம் பணம் அனுப்புறான். இதுல அரசாங்கத்து இலவச அரிசியும் வேணுமாம்மா உங்களுக்கு?"

கேட்டவர் உணவு உதவி அலுவலகத்து விசாரணை அலுவலர். வெளியே அவருக்குக் 'கத்தரி' என்று பேர். வருமான வரம்பைத் தாண்டினவர்களின் பேரைப் பட்டியலிலிருந்து நறுக்குவதுதான் அவர் வேலை. அதைக் கொஞ்சம் ருசித்தே செய்வார்.

தன் வீட்டுக்குள் அவருக்கு எதிரே நின்றவள் பொத்தான் அம்மா. சட்டைக் கம்பெனிக்குப் பொத்தான் தைத்துக் கொடுப்பவள். ஒற்றை அறை, ஒற்றை ஜன்னல், ஒற்றை ஆள். பேச்சுத் துணைக்கு ஒரு ஈ காக்கை கிடையாது. பொத்தான் கீழே விழுந்தால்கூட அதோடு ரெண்டு வார்த்தை பேசிவிட்டுத்தான் எடுப்பாள்.

அவள் மேல் மொட்டைக் கடுதாசி வந்திருந்தது. பையனிடமிருந்து மணியார்டர் வருகிறது, அதை மறைத்து இலவச அரிசியும் வாங்குகிறாள் என்று. எழுதின கை எது என்று கண்டுபிடிக்கப் பெரிய மூளையெல்லாம் வேண்டாம். எதிர்வீட்டு அம்மாள் துணி காயப்போடுகிற சாக்கில் காதைத் தீட்டிக்கொண்டு வாசலிலேயே நின்றாள்.

கத்தரி எதிர்வீட்டு அம்மாளிடம் ஏற்கெனவே விசாரித்துவிட்டார். முன்னெல்லாம் பையன் இவளை எட்டிக்கூடப் பார்க்கவில்லையாம். பெத்த பிள்ளையே கைவிட்டுவிட்டான் என்று தெருவே உச்சுக் கொட்டுமாம். கொஞ்ச வருஷமாகத்தான் புத்தி வந்து அனுப்புகிறானாம். அதிலிருந்து இவளுக்குத் தலைகால் புரியவில்லையாம். தபால்காரர் வருகிற அன்றைக்கு நல்ல துணியாக உடுத்திக்கொண்டு, காலையிலிருந்தே வாசலில் நிற்பாளாம்.

கத்தரி அடுப்புப் பக்கம் போய் டப்பாக்களைத் திறந்து பார்த்தார். முக்கால்வாசி காலி.

பையன் பணமெல்லாம் எங்கே போகிறது என்று கேட்டார். செலவாகிவிடுகிறது என்றாள். அப்படி என்ன செலவு என்றதும் புடவையில் ஒட்டியிருந்த நூலை எடுக்க ஆரம்பித்தாள். இந்தப் பூனையும் பால் குடிக்குமா என்று நிற்கிறாள், எங்கேயோ பதுக்குகிறாள் என்று நினைத்துக்கொண்டார்.

ஆனாலும் அவளுடைய மெலிந்த கையையும், ஊசி குத்திக் குத்திக் காய்த்துப்போன விரல்களையும் பார்த்தபோது கத்தரிக்கே கொஞ்சம் மனசு இளகியது. இருக்காதா பின்னே, அவரும் மனுஷன்தானே. பக்கத்தில் வந்து குரலைத் தணித்தார்.

"அம்மா, நல்லாக் கேட்டுக்கங்க. பொத்தான் கூலி மட்டும்னா நீங்க வரம்புக்குள்ளதான் இருக்கீங்க. பையன் பணம் சேர்ந்தாத்தான் தாண்டுது. அது மாசாமாசம் வந்தா வருமானம். எப்பவாவது வந்தா அன்பளிப்பு, கணக்குல சேராது. இப்பச் சொல்லுங்க, மாசாமாசமா, எப்பவாவதா?"

ஒரு அரசாங்க ஆள் இதற்கு மேல் வெளிப்படையாகப் பேச முடியாது. பழத்தை உரித்து வாயில் வைத்தாகிவிட்டது. விழுங்க வேண்டியதுதான் பாக்கி.

பொத்தான் அம்மா காலி டப்பாக்களைப் பார்த்தாள். அப்புறம் வாசலைப் பார்த்தாள். எதிர்வீட்டு அம்மாள் ஈரத்துணியைக் கையில் வைத்தபடி அசையாமல் நின்றாள்.

"மாசாமாசம்தான் சார். எம் பையன் ஒரு மாசம்கூடத் தவறவிட்டதில்ல."

"யோசிச்சுச் சொல்லுங்க. அரிசி அட்டை போயிடும்."

"போனாப் போகட்டும் சார். பெத்தவளை மறக்காத பிள்ளையைப் போய், எப்பவாவதுன்னு என் வாயால எப்படிச் சொல்றது?"

கத்தரிக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. வலிய வந்து உதவினால் இப்படித்தான். பிள்ளைப் பெருமை வயிற்றை நிரப்புமா? திமிர்! அங்கேயே அட்டையை வாங்கிப் பையில் போட்டுக்கொண்டு கிளம்பினார்.

அவள் வாசல்வரை கூடவே வந்தாள். வீட்டுக்குள்ளே ஒரு ஆள் வந்து இவ்வளவு நேரம் பேசி ரொம்ப நாளாகிறது, இந்தப் பக்கம் வந்தால் எட்டிப் பாருங்கள் என்றாள். கிண்டல் பண்ணுகிறாளோ என்று கத்தரி திரும்பிப் பார்த்தார். இல்லை, நிஜமாகத்தான் சொல்லியிருந்தாள்.

அடுத்த மாதம் வேறொரு பேட்டையில் இன்னொரு பேரை நறுக்கப் போனவர், அங்கிருந்த தபால் ஆபீசுக்குள் தபால்தலை வாங்க நுழைந்தார். வரிசையில் அவருக்கு முன்னால் பொத்தான் அம்மா. ஆள் இன்னும் பாதியாக இளைத்திருந்தாள்.

அவள் தெருமுனையிலேயே ஒரு தபால் ஆபீஸ் இருக்கிறது. அதை விட்டுவிட்டு இவ்வளவு தூரம் வந்து என்ன செய்கிறாள்? பதுக்கின பணத்தை இங்கேதான் போட்டு வைக்கிறாள் போலிருக்கிறது. சரி, பூசணிக்காய் வெளியே வரப்போகிறது என்று கத்தரி காதைக் கொடுத்தார்.

அவள் கைக்குட்டை முடிச்சை அவிழ்த்துப் பணத்தை நீட்டினாள். கவுண்டரில் இருந்தவர் அவளை நன்றாகத் தெரிந்தவர் போலிருந்தது. வாங்கிப் பார்த்துவிட்டுப் பெருமூச்சு விட்டார்.

"போன மாசம் உங்களுக்கு வந்த அதே பணம்தானேம்மா? ஒவ்வொரு தடவையும் கமிஷன்தான் தண்டம். பையனைப் பத்தி இன்னும் ஒரு தகவலும் இல்லையா?"

அவள் இல்லை என்று தலையாட்டினாள்.

"சரி விடுங்க. வழக்கம்போல அனுப்புறவர் பேரு பையனோடது. வாங்குறவர் பேரு உங்களோடது. கீழ ரெண்டு வரி சேதி என்ன எழுதட்டும்?"

இந்தப் பணத்தைத்தான் கத்தரி வருமானம் என்று எழுதியிருந்தார்.

பொத்தான் அம்மா கொஞ்சம் யோசித்தாள்.

"'அம்மா, பட்டினி கிடக்காத. வேளாவேளைக்குச் சாப்பிடு'ன்னு எழுதுங்க தம்பி."