கழிக்க வேண்டிய பங்கு

லாரி மோதிக் கணவர் இறந்து ஒரு வருஷம் ஆகியிருந்தது. நஷ்டஈட்டு வழக்கு விசாரணைக்கு வந்த அன்று, அவளுடைய வக்கீல் கோர்ட்டு வராந்தாவில் கணக்கை விளக்கினார்.

"அவர் சம்பளத்துல மூணுல ஒரு பங்கைக் கழிச்சிடுவாங்கம்மா. உயிரோட இருந்திருந்தா தனக்குன்னு செலவழிச்சிருப்பாரில்ல, அது."

"அதைக் கழிக்க வேணாம்னு சொல்லுங்க சார். அந்தச் செலவு இன்னும் நிக்கல."

"புரியலையே."

"ரெண்டு பேருக்குத்தான் வடிக்கிறேன், ஒரு பருக்கை மிஞ்சறதில்ல. போன வாரம்கூட ஷேவிங் பிளேடு வாங்கினேன்."

வக்கீல் பேனாவை மூடினார். "அம்மா தாயே, இதைக் கூண்டுல சொல்லிடாதீங்க. கேஸே போயிடும். அப்புறம் வாடகைக்கு எங்க போவீங்க?"

கூண்டில் நின்றவளிடம் லாரியின் இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் கேட்டார். "வீட்ல உங்ககூட யார் இருக்காங்க?"

அவள் தரையைப் பார்த்துச் சொன்னாள். "யாருமில்லீங்க. நான் ஒருத்திதான்."

"நல்லா சொன்னீங்கம்மா," என்றார் அவளுடைய வக்கீல், வெளியே வந்ததும்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்து பூட்டைத் திறந்தாள். கதவு அசையவில்லை. உள்ளே தாழ்ப்பாள் போட்டிருந்தது.

"என்னக்கா, வெளியவே நிக்கறீங்க?" என்றாள் எதிர்வீட்டுக்காரி.

"சும்மாதாம்மா. காத்து வாங்கறேன்."

எதிர்வீட்டுக்காரி உள்ளே போகும்வரை காத்திருந்தாள். பிறகு கதவோடு முகத்தை வைத்து மெல்லச் சொன்னாள்.

"வாடகைக்காகச் சொன்னதுங்க. மனசுல வச்சுக்காதீங்க."

உள்ளே காலடிச் சத்தம் கதவருகே வந்து நின்றது. தாழ்ப்பாள் விலகவில்லை. சத்தம் மெதுவாகத் திரும்பி, சமையலறைப் பக்கம் போனது.