கழுத்தில் ஓர் அடி

"யுவா, சொன்னா கேளு. கழுத்துல படீர்னு அடிச்சிக்கிற அந்த எடத்த மட்டும் தூக்கிடு. அது வீடியோவுல ஆடற பொண்ணு பண்ண தப்பு!" என்று மனைவியிடம் மன்றாடினான் தமிழ்ச்செல்வன்.

யுவராணி பாலே காலணியின் நாடாவை இறுக்கிக் கட்டினாள். "மாஸ்டர் வெச்சத எடுக்க நாம யாருங்க?"

வானம் பார்த்த பூமியில் மழைக்குத் தவிக்கும் ஒரு பெண்ணின் கதையை பாலேயாக அமைத்தவர் சவுரியப்பன் மாஸ்டர். அவர் மறைந்த பிறகு மிஞ்சியது, ஆடுபவளின் முகம்கூடத் தெரியாத பழைய வீடியோ ஒன்றுதான். அதை ஆட அனுமதி கேட்டு சென்னை, பெங்களூரு என்று பெரிய குழுக்களெல்லாம் வந்தன. மாஸ்டரின் மனைவி லூர்துமேரி ஆடிக் காட்டச் சொல்வார். பார்ப்பார். "வேணாங்க" என்று எழுந்து போய்விடுவார். காரணம் சொன்னதே இல்லை.

யுவராணிக்கு வயது நாற்பதைத் தொட்டுவிட்டது. பெங்களூருவில் இத்தனை வருஷமும் பின்வரிசையில் ஆடியே முட்டி தேய்ந்ததுதான் மிச்சம். ஒரு தடவையாவது நடுமேடையில் தனியாக நிற்க வேண்டும். இதை விட்டால் வேறு வழியில்லை.

பாப்பாரப்பட்டி கல்யாண மண்டபத்தில், பிளாஸ்டிக் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார் லூர்துமேரி. "ஆடும்மா."

கால்விரல் நுனியில் எழும்பினாள் யுவராணி. வெடித்த நிலத்தைப் பார்த்துத் தவித்தாள், வானத்திடம் கெஞ்சினாள். அந்த இடம் வந்தது. தமிழ்ச்செல்வன் கண்ணை மூடிக்கொண்டான்.

படீர்!

கழுத்தில் அடித்த கையை மெல்ல விரித்துப் பார்த்தாள். ஈரம்! அடுத்த நொடி துள்ளி எழுந்து அவள் சுழன்ற சுழற்சியில், மண்டபத்துக்குள்ளேயே மழை கொட்டியது போலிருந்தது.

லூர்துமேரியின் கண்கள் கலங்கியிருந்தன.

"வந்தவங்க எல்லாம் அந்த அடிய வுட்டுட்டு ஆடுனாங்கம்மா. நீ ஒருத்திதான் அடிச்ச. இனிமே இது உன்னுது. ஊரெல்லாம் போய் ஆடு!"

யுவராணிக்குக் கால் தரையில் நிற்கவில்லை. கணவன் பக்கம் திரும்பினாள். "தப்புன்னீங்களே, பாத்தீங்களா? மழையோட மொதத் துளி கழுத்துல வுழுதுங்க! மாஸ்டர் எவ்வளவு யோசிச்சி வெச்சிருக்காரு!"

"அவரும் அதத்தாம்மா சொன்னாரு. மேடைக்கு முன்னால உக்காந்து பாத்துட்டு, 'இதுதான் மொதத் துளி, இப்பிடியே இருக்கட்டும்'னாரு. அதுக்கு முன்னாடி இந்த ஆட்டத்துல மழையே வராது" என்ற லூர்துமேரி, சிரிப்பை அடக்க மாட்டாமல் தன் கழுத்தைத் தடவிக்கொண்டார்.

"கொசு கடிச்சா அடிக்காம எப்பிடிம்மா ஆடறது?"