டப்பாவில் இருந்த பொடி எழுத்து

"யாரு சார் இதுல ஆயில் மாத்தினது?"

லிஃப்டில் ஏற்றியிருந்த காருக்கு அடியிலிருந்து வெளியே வந்த மெக்கானிக், விரலில் ஒட்டியிருந்த ஆயிலைத் தேய்த்துப் பார்த்தபடியே கேட்டார்.

"வீட்லயேதான் மாத்தினோம். ஏன், என்ன ஆச்சு?" என்றான் அவன்.

"கியரை 'டி'யில போட்டா கொஞ்ச நேரம் யோசிச்சுட்டு, அப்புறம் தூக்கிப் போடுதுன்னு சொன்னீங்கல்ல? போடாம என்ன செய்யும்? ஆயிலே வேற. இது பெல்ட் வச்ச கியர்பாக்ஸுக்கு ஊத்துறது. உங்களுது உள்ள கிளட்ச் தட்டு. ரெண்டும் ஆட்டோமேட்டிக்தான். ஆனா இதோட ஆயில் அதுக்கு ஆகாது."



அந்த வீட்டில் முதல் பட்டதாரி அவன். அந்த வீட்டுக்கு முதல் காரும் அதுதான். எது எப்போது கையை விட்டுப் போகுமோ என்று அவனுக்கு எப்போதும் ஒரு பயம். அப்பாவுக்கு முட்டி வலி, கிளட்ச் மிதிக்க முடியாது என்பதற்காகவே ஆட்டோமேட்டிக்காகத் தேடி வாங்கினான். பேத்தியைப் பள்ளிக்கூடத்தில் விடுவதும் கூட்டி வருவதும் அப்பாதான்.

"ஊத்தின டப்பா இருக்கா?"

அவன் மனைவி பையிலிருந்து காலி டப்பாவை எடுத்து நீட்டினாள்.

மெக்கானிக் அதை வெளிச்சத்தில் திருப்பினார். "இதோ, அடியில போட்டிருக்கான் பாருங்க, எறும்பு ஊர்ற மாதிரி. ஒரே கம்பெனி, ஒரே டப்பா, மூடிகூட ஒரே சிவப்பு. இந்த ஒரு வரியைப் படிச்சாத்தான் எது எதுக்குன்னு தெரியும். யாரு வாங்கினது?"

அவன் திரும்பி, பின்னால் நின்ற அப்பாவையும் மனைவியையும் பார்த்தான்.

"நான்தான்" என்றாள் மனைவி.

போன ஞாயிற்றுக்கிழமை அவன் வெளியூர் போயிருந்தான். திரும்பி வந்ததும், "நானும் மருமகளும் சேர்ந்து கியர் ஆயிலை மாத்திட்டோம்டா!" என்று அப்பா பெருமையாகச் சொன்னார். காருக்கு அடியில் படுத்தது அப்பாவாகத்தான் இருக்கும். கடைக்குப் போனது இவளா?

"உனக்கு ஏன் இந்த வேலை? முப்பது வருஷம் பஸ் ஓட்டின மனுஷர் வீட்ல இருக்கார். வாயைத் திறந்து ஒரு வார்த்தை அவரைக் கேட்டிருந்தா குறைஞ்சா போயிடுவே?"

"எழுத்து ரொம்பப் பொடிசா இருந்துச்சுங்க."

"அதுக்கு? கண்ணை மூடிக்கிட்டு வாங்கிட்டு வந்துடுவியா?"

"விடுடா" என்றார் அப்பா. மெல்ல நடந்து பட்டறை வாசலில் போய் நின்றுகொண்டார்.

மருமகளைத் திட்டினால் அவருக்குப் பொறுக்காது. பேத்தி என்றால் இன்னும் செல்லம். பேப்பரைக்கூட அவள்தான் வாசித்துக் காட்ட வேண்டும்.

"பயப்படாதீங்க சார், சீக்கிரம் கொண்டு வந்துட்டீங்க" என்றார் மெக்கானிக். "ஆனா ஒரு தடவை வடிச்சாப் போதாது. பாதி உள்ளயே நின்னுடும். சரியான ஆயிலை ஊத்தி, ஒரு சுத்து ஓட்டி, திரும்பவும் வடிச்சு ஊத்தணும். சாயங்காலம் ஆகிடும்."

"அதுவரைக்கும் இங்க உட்கார்ந்து என்ன பண்றது?" என்று அவன் அலுத்துக்கொண்டான்.

மனைவி சாலைக்கு எதிர்ப்பக்கம் கை காட்டினாள். "அதோ, கண் டாக்டர்னு போர்டு தெரியுது. என் கண்ணைக் காட்டிட்டு வந்துடலாங்க. மாமா, நீங்களும் வாங்க. எனக்குப் பயமா இருக்கு."

"பிரசவத்துக்கே பயப்படாதவ நீ. கண்ணு பார்க்க என்ன பயம்?" என்றான் அவன்.

"கண்ணாடி கிண்ணாடின்னு எல்லாம் எனக்கு ஆகாதும்மா" என்றார் அப்பா அவசரமாக.

"உங்களுக்கு இல்ல மாமா. எனக்குத்தான்."

அவர் அவர்களோடு சாலையைக் கடந்தார்.

டாக்டர் அறையில் அவள் நாற்காலியில் உட்கார்ந்தாள். எதிர்ச் சுவரில் எழுத்துப் பலகை. மேலே பெரிய எழுத்து, இறங்க இறங்கச் சின்னது.

முதல் வரியைப் படித்தாள். இரண்டாவது வரியில் நின்றுவிட்டாள்.

"ம், படிங்கம்மா."

"தெரியல டாக்டர்."

"இதுவே தெரியலையா?" டாக்டர் புருவத்தை உயர்த்தினார்.

அவனுக்குக் கோபம் தலைக்கேறியது. "என்ன விளையாட்டு இது? இப்பத்தானே ரோட்டுக்கு அந்தப் பக்கம் இருந்து போர்டைப் படிச்சே?"

அவள் அவன் பக்கம் திரும்பவே இல்லை.

"மாமா, அந்த ரெண்டாவது வரி என்னன்னு நீங்க கொஞ்சம் சொல்லுங்களேன்."

அப்பா சுவரைப் பார்த்தார். நெற்றியைச் சுருக்கினார். ஓரடி முன்னால் வந்தார். இன்னும் ஓரடி.

பிறகு குனிந்து மருமகளின் முகத்தைப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார்.

"எழுந்திரும்மா" என்றார், அவள் தலையில் கை வைத்து. "அந்த டப்பாவைக் கடையில வாங்கினவன் உட்காரட்டும்."